யென்ஸ் யென்சன்: சிகாகோ மண்ணைப் படித்த டென்மார்க்காரர்

இன்றைக்குப் பூங்கா அமைக்கிற யாரைக் கேட்டாலும், அந்தந்த ஊர் மண்ணுக்குரிய செடி கொடிகளை நடுங்கள் என்றுதான் சொல்வார்கள். அமெரிக்காவில் இதைப் பேச்சோடு நிறுத்தாமல், ஒரு பெருநகரத்தின் பொதுப் பூங்காக்களிலேயே செய்து காட்டிய முதல் சிலரில் ஒருவர் யென்ஸ் யென்சன். 1860இல் டென்மார்க்கில் பிறந்தவர். 1884இல் கப்பலேறிப் போய், சிகாகோ பூங்காக்களில் கூலியாளாகச் சேர்ந்து, பிறகு அதே பூங்காக்களுக்குத் தலைவரானவர். 'நாட்டுச் செடிகளின் முன்னோடி' என்ற ஒரே பட்டத்தோடு அவரைப் பற்றிய பேச்சை முடித்துவிடுவது வழக்கம். அது பாதிதான் உண்மை. செடி அவர் கையிலிருந்த பொருள்களில் ஒன்று. வெளிச்சம், திறந்தவெளி, தண்ணீர், காலம் ஆகியவையும் அவருக்கு அதே அளவு முக்கியம். அவருடைய பார்வைக்கும், அந்தப் பார்வையில் இருந்த ஒரு கோணலுக்கும் வேர் ஒன்றுதான். அது அவர் பிறந்த எல்லைப்புற மண்ணில் இருக்கிறது.

யென்சன் பிறந்த டிப்பல், ஸ்லெஸ்விக் பகுதியில் கடலையொட்டிய ஊர். டேனிஷ் பேசுகிறவர்களும் ஜெர்மன் பேசுகிறவர்களும் கலந்து வாழ்ந்த அந்தப் பகுதி டென்மார்க் அரசரின் ஆட்சியில் இருந்தது. அதைக் கைப்பற்ற, பின்னால் ஜெர்மனிக்குத் தலைமை ஏற்ற பிரஷ்யாவும், ஆஸ்திரியாவும் 1864இல் படையெடுத்தன. அந்தப் போரின் தீர்மானமான சண்டை நடந்தது டிப்பலில்தான். ஏப்ரல் 18ஆம் தேதி டேனிஷ் அரண்கள் விழுந்தன. யென்சனுக்கு அப்போது நான்கு வயதுகூட நிரம்பவில்லை. பிரஷ்யப் படை தங்கள் பண்ணைக் கட்டடங்களைக் கொளுத்தியதைப் பார்த்த நினைவு கடைசிவரை அவரை விட்டுப் போகவில்லை. போர் முடிந்ததும் ஊர் பிரஷ்யாவின் கைக்குப் போயிற்று. டிப்பல் உட்பட ஸ்லெஸ்விக்கின் வடபகுதி டென்மார்க்குக்குத் திரும்பியது 1920இல், மக்கள் வாக்கெடுப்புக்குப் பிறகு.

ஆக, யென்சன் வளர்ந்தது ஒரு விசித்திரமான நிலையில். வீட்டில் டேனிஷ், அரசாங்கம் ஜெர்மன். இப்படிப்பட்ட குடும்பங்கள் தங்கள் மொழியையும் பழக்கங்களையும் பிடித்து வைத்துக்கொள்ளப் பெரிதும் துணையாக இருந்தவை டென்மார்க்கின் மக்கள் உயர்பள்ளிகள். குருந்த்விக் என்ற பாதிரியார், கவிஞர், அறிஞரின் சிந்தனையிலிருந்து பிறந்தவை இவை. முதல் பள்ளி 1844இல் அதே ஸ்லெஸ்விக் பகுதியில், ரோடிங் என்ற ஊரில் தொடங்கியது. பரீட்சை கிடையாது, பட்டம் கிடையாது. விவசாயக் குடும்பத்துப் பிள்ளைகள் குளிர்காலத்தில் வந்து தங்கி, பாட்டு, வரலாறு, பழங்கதைகள் எல்லாம் கற்றுக்கொள்வார்கள். யென்சன் வின்டிங் ஊரிலிருந்த இப்படி ஒரு பள்ளியில் படித்தார். கோபன்ஹேகனுக்கு அருகே டூனே வேளாண் பள்ளியிலும் படித்தார். நிலத்தை அறிவதும் ஒரு மக்களாக இருப்பதும் வேறு வேறு அல்ல என்ற எண்ணம் அவர் மனத்தில் விழுந்தது இங்கேதான் என்பது என் கணிப்பு.

பிரஷ்யக் குடிமகன் என்பதால் ராணுவச் சேவை கட்டாயம். ஜெர்மன் படையில் சேர்ந்து பெர்லினில் இருந்தார். வீட்டை எரித்த அதே ராணுவத்தின் சீருடை. ஓய்வு நேரங்களில் பெர்லின் பூங்காக்களைச் சுற்றிப் பார்த்தார். அளவுகோல் வைத்து வரைந்ததுபோன்ற தோட்டங்களையும், வளைந்து நெளிந்த ஆங்கிலேய பாணிப் பூங்காக்களையும் ஒப்பிட்டுப் பார்க்கும் வாய்ப்பு அங்கே கிடைத்தது. சேவை முடிந்ததும் ஊருக்குத் திரும்பிப் பண்ணையைப் பார்த்துக்கொள்ள வேண்டியவர்தான். ஆனால் அவர் விரும்பிய ஆன் மரி ஹான்சனை வீட்டில் ஏற்கவில்லை. இருவரும் 1884இல் அமெரிக்காவுக்குக் கிளம்பிவிட்டார்கள். புளோரிடாவிலும் அயோவாவிலும் கொஞ்ச காலம் பண்ணை வேலை. அப்புறம் சிகாகோ.

அந்தச் சிகாகோவைக் கொஞ்சம் மனத்தில் கொண்டுவர வேண்டும். 1871இல் பெருந்தீயில் எரிந்துபோன நகரம் அது. 1880இல் சுமார் ஐந்து லட்சமாக இருந்த மக்கள்தொகை 1890இல் பத்து லட்சத்தைத் தாண்டிவிட்டது. வேலை தேடி வந்தவர்கள் மேற்குப் பகுதியில் நெருக்கியடித்துக்கொண்டு வாழ்ந்தார்கள். நகரத்தைச் சுற்றிலும், ஆள் உயரத்துக்குப் புல் வளரும் பிரெய்ரி சமவெளி. அதுவும் வேகமாக உழுது அழிக்கப்பட்டுக்கொண்டிருந்தது. மேற்குப் பகுதிக்கென்று தனிப் பூங்கா ஆணையம் இருந்தது. ஹம்போல்ட், கார்ஃபீல்ட், டக்ளஸ் என்ற மூன்று பெரிய பூங்காக்களைத் தொடக்கத்தில் வடிவமைத்தவர் வில்லியம் லெ பாரன் ஜென்னி. வானளாவிக் கட்டடங்களின் தந்தை என்று பின்னால் பெயர் வாங்கிய அதே ஜென்னி. 1886இல் யென்சன் இந்த ஆணையத்தில் கூலியாளாகச் சேர்ந்தார்.

அவருடைய வாழ்க்கையில் நான் மிக முக்கியமாகக் கருதும் நிகழ்வு இதற்கு இரண்டு ஆண்டுகள் கழித்து, யூனியன் பூங்காவில் நடந்தது. அந்தக் காலத்துப் பூங்காக்களில் கம்பளப் பாத்திகள் என்ற முறைதான் நாகரிகம். கண்ணாடிக் கூடத்தில் வளர்த்த வெளிநாட்டுச் செடிகளைக் கொண்டுவந்து, வட்டம் நட்சத்திரம் என்று வடிவம் போட்டு நெருக்கமாக நட வேண்டும்; பூ முடிந்ததும் பிடுங்கிவிட்டு அடுத்த தொகுதி. மேற்பார்வையாளராகிவிட்ட யென்சனும் இப்படித்தான் நட்டுக்கொண்டிருந்தார். அவை நிற்கவில்லை. சிகாகோவின் குளிரும் கோடையும் மண்ணும் அவற்றை ஒன்றன்பின் ஒன்றாகச் சாகடித்தன. ஞாயிற்றுக்கிழமைகளில் குடும்பத்தோடு ரயிலேறி நகரத்துக்கு வெளியே போகும்போதோ, அதே வெயிலிலும் குளிரிலும் காட்டுப் பூக்கள் யார் கவனிப்பும் இல்லாமல் செழித்து நிற்பதைப் பார்த்தார். ஒரு குதிரை வண்டியை எடுத்துக்கொண்டு போய், அந்தச் செடிகளை மண்ணோடு பெயர்த்து வந்து யூனியன் பூங்காவின் ஒரு மூலையில் நட்டார். 1888இல் உருவான அந்த மூலைக்கு 'அமெரிக்கத் தோட்டம்' என்று பெயர். களை என்று எல்லாரும் ஒதுக்கிய செடிகளைப் பார்க்க மக்கள் வந்தார்கள், ரசித்தார்கள்.

கொள்கை வகுத்துவிட்டு அதற்கேற்பச் செடியைத் தேடியவர் அல்ல அவர் என்பது இதில் தெரிகிறது. செத்த செடிகளைத் தன் கையாலேயே பிடுங்கிப் போட்ட தொழிலாளிக்குக் கிடைத்த அறிவு அது. கொள்கை பின்னால் வந்தது. நாட்டுச் செடி இயக்கத்தைப் படிக்கும்போது இந்த வரிசையை மறந்துவிடக்கூடாது.

1895இல் யூனியன் பூங்காவின் கண்காணிப்பாளர், அடுத்த ஆண்டே 200 ஏக்கர் ஹம்போல்ட் பூங்காவின் கண்காணிப்பாளர் என்று வேகமாக மேலே வந்தார். ஆனால் மேற்குப் பூங்கா ஆணையம் அன்றைக்குக் கட்சிக்காரர்களின் வருமான இடமாக இருந்தது. ஊழலுக்கு உடன்பட மறுத்த யென்சனை 1900இல் வேலையைவிட்டு நீக்கினார்கள். ஐந்து ஆண்டுகள் தனியார் தோட்டங்கள் அமைத்துப் பிழைத்தார். அந்த நாட்களில்தான் பிராங்க் லாயிட் ரைட் உள்ளிட்ட, சமவெளியின் படுக்கைவாட்டுக் கோடுகளைக் கட்டடத்துக்குள் கொண்டுவந்த பிரெய்ரி பாணிக் கட்டடக் கலைஞர்களோடு நெருக்கம் வளர்ந்தது. சிகாகோ பல்கலைக்கழகத்தின் தாவரவியலாளர் ஹென்றி கௌல்ஸ் போன்றவர்களோடு மணற்குன்றுகளிலும் காடுகளிலும் நடந்து திரிந்தார். ஒரு செடி தனியாக வாழ்வதில்லை, ஒவ்வொரு இடத்திலும் ஒரு கூட்டமாகவே வாழ்கிறது, அந்தக் கூட்டம் காலப்போக்கில் மாறிக்கொண்டே போகிறது என்று கௌல்ஸ் அப்போது நிறுவிக்கொண்டிருந்தார். வண்டியில் செடி ஏற்றியபோது யென்சன் கண்ணால் கண்டதற்கு அறிவியல் காரணம் இப்போது கிடைத்தது.

சிகாகோ இருக்கும் இல்லினாய் மாநிலத்தில் சீர்திருத்த ஆளுநர் வந்து ஆணையத்தைச் சுத்தப்படுத்தியதும், 1905இல் யென்சனைத் திரும்ப அழைத்தார்கள். இந்தமுறை மேற்குப் பூங்காக்கள் அனைத்துக்கும் பொதுக் கண்காணிப்பாளர், தலைமை வடிவமைப்பாளர். வந்து பார்த்தபோது மூன்று பூங்காக்களிலும் இருந்த சிறிய கண்ணாடிக் கூடங்கள் சிதைந்து கிடந்தன. மூன்றையும் இடித்துவிட்டு கார்ஃபீல்ட் பூங்காவில் ஒரே பெரிய கண்ணாடி மாளிகை கட்டலாம் என்றார். 1908இல் திறந்தது. அந்தக் காலத்துக் கண்ணாடி மாளிகைகள் கோபுரமும் குவிமாடமுமாக அரண்மனை மாதிரி இருக்கும். யென்சன் தன் மாளிகையின் கூரையை அந்த வட்டாரத்து வயல்களில் நிற்கும் வைக்கோல் போர்களின் வடிவத்தில் கேட்டார். உள்ளே தொட்டிகளை வரிசையாக அடுக்கும் வழக்கத்தையும் கைவிட்டார். செடிகளைத் தரையிலேயே நட்டு, வெந்நீர்க் குழாய்களைப் பாறைச் சுவர்களுக்குப் பின்னால் மறைத்து, கண்ணாடிக்குள்ளேயே நிலக்காட்சிகளை அமைத்தார்.

அங்கே பெரணி அறை என்று ஒன்று இருக்கிறது. நுழைந்ததும் தரை கீழே இறங்கும். நடுவில் சின்னக் குளம், ஓரங்களில் படிப்படியாக அடுக்கிய பாறை, இடுக்குகளில் பெரணி. மனிதன் வருமுன் இல்லினாய் எப்படி இருந்திருக்கும் என்ற கற்பனை அது. அறையின் ஒரு முனையில் சிறு நீர்வீழ்ச்சி. கல் அடுக்கிய கொத்தனார் அதை மலையருவி மாதிரி கொட்டும்படி கட்டிவைத்தாராம். யென்சன் பிரிக்கச் சொன்னார். மறுபடி கட்டினார், மறுபடியும் அதே இரைச்சல். கடைசியில், மெண்டல்சனின் 'வசந்தப் பாடல்' இசையைக் கேட்டுவிட்டு வந்து கட்டும்படி யென்சன் சொல்ல, கேட்டுவிட்டு வந்த கொத்தனார் சரியாகக் கட்டினார் என்று இன்றும் அங்கே சொல்கிறார்கள். சமவெளி நாட்டு ஓடை மெதுவாகச் சலசலக்கும், விழுந்து முழங்காது. அந்த வேறுபாடு அவருக்கு அத்தனை முக்கியமாக இருந்தது.

அவருடைய கைத்திறனை முழுமையாகப் பார்க்க வேண்டுமென்றால் கொலம்பஸ் பூங்காவுக்குத்தான் போக வேண்டும். நகரத்தின் மேற்கு எல்லையில் சுமார் 150 ஏக்கர் வெற்று நிலம். 1915 முதல் 1920 வரை வேலை நடந்தது. பழைய பூங்காக்களில் ஜென்னி போட்ட கோட்டின்மேல்தான் அவர் எழுத வேண்டியிருந்தது; இங்கே தாள் வெறுமையாக இருந்தது. நிலத்தை நடந்து பார்த்தபோது, பனியூழிக் காலத்து ஏரிக்கரையின் மிச்சமாக ஒரு மணல்மேட்டின் சுவடு அவர் கண்ணில் பட்டது. அதையே முதுகெலும்பாக வைத்துத் திட்டம் போட்டார். இரண்டு சிறு அருவிகளிலிருந்து தொடங்கி வளைந்து ஓடும் ஒரு 'பிரெய்ரி ஆறு' வெட்டினார். வெட்டிய மண்ணைக் கொண்டு மேடுகளை உயர்த்தினார். அருவிக்கான கல், இல்லினாய், விஸ்கான்சின் ஆற்றங்கரைகளில் தெரியும் சுண்ணாம்புப் பாறைபோலப் படுக்கைவாட்டில் அடுக்கப்பட்டது. சமவெளியில் எல்லாமே படுக்கைவாட்டுக் கோடுதான் என்பதால் ஹாதார்ன் மரங்களைத் தேடித் தேடி நட்டார். அவற்றின் கிளைகள் கிடைமட்டமாக நீளும்.

அந்த ஆற்றின் ஓரத்திலேயே ஒரு திறந்தவெளி நாடக மேடை. மேடை என்றால் பலகை போட்ட மேடை இல்லை. கொஞ்சம் உயர்ந்த புல்தரை, பின்னால் மரங்கள், நடிகர்கள் உடைமாற்றச் செடிகளாலான மறைவு. பார்வையாளர்கள் தண்ணீருக்கு இந்தப் பக்கம் புல்லில் உட்கார வேண்டும். அருகிலேயே குழந்தைகளுக்கென்று ஒரு கூட்டவட்டம். இது யென்சனின் முத்திரை என்றே சொல்லலாம்: தாழ்ந்த கல் திண்ணை வட்டமாகப் போகும், நடுவில் தீ மூட்ட இடம். அமெரிக்கப் பூர்வகுடிகளின் சபையும், மக்கள் உயர்பள்ளியில் கூடி உட்கார்ந்து கதை கேட்ட பழக்கமும் இதில் சேர்ந்திருக்கின்றன. வட்டத்தில் உட்கார்ந்தால் யாரும் தலைமேசையில் இருக்க முடியாது. பூங்காவின் நீச்சல் குளத்தைக்கூட ஆற்றில் இருக்கும் பாறைமடுவைப் போலக் கட்டினார். அதில் குளிக்க வந்தவர்கள் பெரும்பாலும் மேற்குச் சிகாகோவின் தொழிலாளர் வீட்டுப் பிள்ளைகள். கிராமத்து ஆற்றைப் பார்த்தே இராத பிள்ளைகளுக்கு இதையெல்லாம் கொடுக்க வேண்டும் என்பதில் அவர் காட்டிய பிடிவாதம் என்னை மிகவும் ஈர்க்கிறது.

வெளிச்சத்தை அவர் கையாண்ட விதத்தைத் தனியாகச் சொல்ல வேண்டும். அடர்ந்த மரக்கூட்டத்துக்கு நடுவே திடீரென்று ஒரு திறப்பு. வெயில் அங்கே மட்டும் கொட்டும். நிழலிலிருந்து அதைப் பார்த்தபடி நடப்பவரின் கால் தானாகவே அந்தப் பக்கம் போகும். வழிகாட்டிப் பலகை தேவையில்லை. நீண்ட புல்வெளியை நேர்க்கோட்டில் விடாமல், இரு கரையிலும் மரங்களை முன்னும் பின்னுமாக நட்டு, வளைவுக்கு அப்பால் என்ன இருக்கிறது என்று தெரியாதபடி வைப்பார். இலையுதிர்காலத்தில் சிவக்கும் மேப்பிள் மரங்கள் எங்கே நின்றால் மாலை வெயில் அவற்றின் ஊடே வரும் என்று பார்த்து நடுவார். நடும்போது பெரிய மரங்களைவிடச் சின்னக் கன்றுகளைக் கூட்டமாக நடுவதையே விரும்பினார். அதாவது, முடிந்த படம் என்று ஒன்று அவரிடம் கிடையாது. முப்பது நாற்பது ஆண்டு கழித்து வரப்போகும் நிழலைத்தான் அவர் வரைந்தார்.

இந்தத் திறமையைப் பணக்காரர்களும் தேடி வந்தார்கள். மிச்சிகன் மாநிலம் டியர்போர்னில் ஹென்றி ஃபோர்டுக்கு அமைத்த ஃபேர் லேன் தோட்டம் இதில் பிரபலமானது. வீட்டிலிருந்து விரியும் நீண்ட புல்வெளிக்கு 'மறையும் சூரியனின் பாதை' என்று பெயர். கோடையின் மிக நீண்ட நாளில் சூரியன் அந்த மரங்களின் இடைவெளியில் இறங்கும்படி அதை அமைத்திருந்தார். ஆனால் ஃபோர்டின் மனைவி கிளாராவுக்கு ரோஜாத் தோட்டம் வேண்டும். புல்வெளியை வெட்டிப் பூப்பாத்திகள் போட முனைந்தபோது யென்சன் வேலையை விட்டுவிட்டுப் போய்விட்டார். மகன் எட்சல் ஃபோர்டோடு அவருடைய உறவு நன்றாகவே தொடர்ந்தது. 1920இல் பூங்கா ஆணையத்தின் அரசியலோடும் ஒத்துப்போக முடியாமல் அங்கிருந்து முற்றாக விலகினார். வளைந்துகொடுக்காத ஆள்.

பூங்காவுக்கு வெளியே அவர் செய்த வேலை ஒருவேளை இன்னும் பெரியது. 1904இல் கட்டடக் கலைஞர் டுவைட் பெர்கின்ஸோடு சேர்ந்து ஓர் அறிக்கை தயாரித்தார். சிகாகோவைச் சுற்றியுள்ள காடுகளையும் ஆற்றோரங்களையும் நகரம் விழுங்குமுன் பொதுமக்களுக்காக வாங்கி ஒதுக்க வேண்டும் என்பது அதன் சாரம். அதன் விளைவாக 1914இல் குக் கவுண்டி வனக் காப்பு மாவட்டம் உருவானது. இன்று அதன் கையில் சுமார் 70,000 ஏக்கர் இருக்கிறது. 1913இல் 'நமது நாட்டு நிலக்காட்சியின் நண்பர்கள்' என்ற அமைப்பைத் தொடங்கினார். மிச்சிகன் ஏரிக்கரையில் எஃகு ஆலைகள் நெருங்கி வந்துகொண்டிருந்த இண்டியானா மணற்குன்றுகளைக் காப்பாற்ற 1916இல் நடந்த அரசு விசாரணையில் வாதாடினார். அடுத்த ஆண்டு அந்தக் குன்றுகளிலேயே ஒரு பிரம்மாண்டமான நாடகம் நடத்த உதவினார். பல ஆயிரம் பேர் திரண்டார்கள். பலன் மெதுவாகத்தான் வந்தது. மாநிலப் பூங்கா 1920களில், தேசிய ஏரிக்கரை 1966இல், தேசியப் பூங்கா என்ற தகுதி 2019இல்.

மனைவி 1934இல் இறந்தபின் சிகாகோ அவருக்குக் கசந்தது. 1935இல், 75 வயதில், விஸ்கான்சின் மாநிலத்தின் டோர் கவுண்டியில் எல்லிசன் பே என்ற ஊருக்குக் குடிபோனார். அங்கே பாறை முகட்டின்மேல், காட்டுக்குள், 'தி கிளியரிங்' என்ற பள்ளியைத் தொடங்கினார். பரீட்சை கிடையாது, பட்டம் கிடையாது. காலையில் மண்ணில் வேலை, மாலையில் தீயைச் சுற்றிப் பேச்சு. வின்டிங் பள்ளிதான் வேறு கண்டத்தில் மறுபடி முளைத்தது. 1937இல் முதன்மைக் கட்டடம் எரிந்துபோனது, திரும்பக் கட்டினார். அதே காலத்தில் இல்லினாய் தலைநகர் ஸ்பிரிங்ஃபீல்டில் லிங்கன் நினைவுத் தோட்டத்தையும் ஊதியம் வாங்காமல் வடிவமைத்துக் கொடுத்தார். லிங்கன் வாழ்ந்த கென்டக்கி, இண்டியானா, இல்லினாய் ஆகிய மூன்று மாநிலங்களின் மரங்கள் மட்டுமே அதில் உண்டு. 1936இல் சாரணச் சிறுவர் சிறுமியர் ஓக் கொட்டைகளைத் தங்கள் கையாலேயே ஊன்றினார்கள்.

சரி, தொடக்கத்தில் சொன்ன கோணலுக்கு வருவோம். 1937இல் ஒரு ஜெர்மன் தோட்டக்கலை இதழில் யென்சன் எழுதினார். தன் தோட்டங்கள் சுற்றியுள்ள நிலத்தோடும், அங்கே வாழும் மக்களின் இனப் பண்போடும் பொருந்த வேண்டும் என்றார். லத்தீன், கீழைத்தேயத் தாக்கங்கள் அமெரிக்காவுக்குள் ஊர்ந்து வருவதாகக் கவலைப்பட்டார். ஹிட்லர் ஆட்சியில் இருந்த ஜெர்மனியில், ஓர் இனமும் அதன் மண்ணும் பிரிக்க முடியாதவை என்ற பொருளில் 'இரத்தமும் மண்ணும்' என்று அரசே பேசிக்கொண்டிருந்த ஆண்டில் அச்சான வரிகள் அவை. பிற்கால ஆய்வாளர்கள் இதைச் சுட்டிக்காட்டினார்கள். அந்தக் காலத்துப் பலரின் பேச்சு அப்படித்தான் இருந்தது என்று அவருக்காக வாதாடுகிறவர்களும் உண்டு.

அந்த வாதம் எனக்குப் போதவில்லை. ஒரு செடி ஒரு மண்ணில் நிற்கிறதா சாகிறதா என்பது பார்த்துச் சோதிக்கக்கூடிய செய்தி. யூனியன் பூங்காவில் அவர் அதைத்தான் சோதித்தார். மனிதர்களைப் பற்றி அதே அளவுகோலில் பேச அவரிடம் எந்தச் சோதனையும் இல்லை. உண்மையில், அவருடைய சொந்த வாழ்க்கையே அதற்கு எதிர்ச்சாட்சி: டிப்பலில் பிறந்த ஒருவர், இல்லினாய் மண்ணை அங்கேயே பிறந்தவர்களைவிட நன்றாக அறிந்தார். படையெடுப்பில் ஊரை இழந்த குழந்தைக்கு 'நம் மண்' என்பது காக்கப்பட வேண்டிய ஒன்றாகப் பதிந்ததை என்னால் புரிந்துகொள்ள முடிகிறது. அந்தப் பற்றுதான் மணற்குன்றுகளைக் காப்பாற்றியது. அதே பற்று 1937இல் அவரை அந்த வரிகளை எழுதவும் வைத்தது. அவர் கட்டிய பூங்காக்களோ எல்லா ஊர்க்காரர்களுக்கும் திறந்தே இருந்தன. ஹம்போல்ட் பூங்காவைச் சுற்றி இன்று வேரூன்றியிருப்பது போர்ட்டோ ரிக்கோவிலிருந்து வந்த மக்களின் சமூகம்.

யென்சன் 1951 அக்டோபர் 1ஆம் தேதி, 91ஆம் வயதில், எல்லிசன் பேயில் இறந்தார். அவருடைய கலைக்கு ஒரு தனிச் சிக்கல் உண்டு. அது வெற்றி பெறப் பெற, அதைச் செய்தவர் ஒருவர் இருக்கிறார் என்பதே தெரியாமல் போகும். வளர்ந்த பிறகு இயற்கையாக இருந்த காடு என்றுதான் பார்ப்பவர் நினைப்பார். சிற்பத்தை உடைக்கத் தயங்கும் அதிகாரி, புல்வெளிக்குக் குறுக்கே கோடு போடத் தயங்கமாட்டார். 1950களில் ஐசன்ஹோவர் விரைவுச்சாலை போட்டபோது கொலம்பஸ் பூங்காவின் தெற்கு ஓரத்தில் சுமார் 9 ஏக்கர் போயிற்று. 2011இல் ஆலங்கட்டி மழை அடித்துக் கார்ஃபீல்ட் கண்ணாடி மாளிகையின் கூரை பெரிய அளவில் நொறுங்கியது. பெரணி அறையும் பாதிக்கப்பட்டது. கண்ணாடி உடைந்தால் எல்லார் கண்ணிலும் படும், மாற்றிவிடுவார்கள், மாற்றியும் விட்டார்கள். வரிசை கலைந்த ஹாதார்ன்களையும், புதர் மூடிய வெயில் திறப்பையும் அடையாளம் காண, முதலில் அங்கே ஒரு திட்டம் இருந்தது என்று தெரிந்திருக்க வேண்டும். கொலம்பஸ் பூங்காவை 2003இல் தேசிய வரலாற்றுச் சின்னமாக அறிவித்தபோது, அந்த ஆறும் மேடும் புல்வெளியும் ஒரு மனிதரின் படைப்பு என்பது அரசுப் பதிவேட்டில் ஏறியது.